பெயர்ப்பட்டியல்

எழுத்து, இயக்கம்: ஜெ. ரெஜினா.
அதற்குக் கீழே எல்லாம் காலி.
ஒவ்வொரு வரியிலும் என் பெயரையே போட்டால்
படம் என்று நம்பமாட்டார்கள்,
இம்போசிஷன் என்பார்கள்.

கொருக்குப்பேட்டை கேட் மூடிக் கிடந்த
பதினேழு நிமிடத்தில்
ஆட்களைப் பெற்றெடுத்தேன்.

ஒளிப்பதிவு: தணிகைவேல்.
வாடகைக் கேமராவைத் திங்கள் ஒன்பதுக்குள்
திருப்பித் தரவேண்டிய பதற்றம்தான் அவன் பாணி.
காசிமேட்டில் கேட்டு வாங்கிய
ஐஸ்பெட்டி தெர்மகோல் அவன் ரிஃப்ளெக்டர்.
நாயகி முகத்தில் வெளிச்சம் விழும்போதெல்லாம்
சங்கரா மீன் வாடையும் சேர்ந்து விழுந்தது.
நல்லவேளை, அது பதிவாகாது.

ஒலிப்பதிவு: மொய்தீன் அப்பாஸ்.
மைக்குக்குத் தம்பியின் ஸ்கூல் சாக்ஸை மாட்டி
எண்ணூர் ரோட்டில்
ஒரே ஒரு பெருமூச்சுக்காக
இரண்டு ராத்திரி நின்றவன்.
கடைசியில் கிடைத்தது
கண்டெய்னர் லாரி ஒன்று நின்றபோது
ஏர் பிரேக் விட்ட மூச்சு.
அதையே வைத்துக்கொண்டோம்.

படத்தொகுப்பு: சுகந்தி.
நான் கல்யாண ஆல்பம் செய்யும் கடையில்
ஷட்டரைப் பாதி இறக்கியபின் வருவாள்,
மாப்பிள்ளை பெண்களை ஒரு ஃபோல்டருக்குள் தள்ளிவிட்டு.
அவளுக்கு இயக்குநரைப் பிடிக்காது.
மூன்று நாள் வெயிலில் நின்று எடுத்த பாலக்காட்சியை
ஒரே தட்டில் தூக்கிவிட்டாள்.
விடியும்வரை சண்டை.
அவள் செய்தது சரி.
இன்னும் நான் ஒத்துக்கொள்ளவில்லை.

தயாரிப்பு:
இங்கே மட்டும் பொய் வரவில்லை.
மின்ட் தெரு, சேட்டுக் கடை,
ரசீது எண் 4417, வளையல் இரண்டு.

நாயகன் நிஜம்.
லேத் பட்டறை டில்லிபாபு.
பாதிப் படத்தில் திருத்தணி போய்
மொட்டையோடு வந்து நின்றான்.
"வேண்டுதல்க்கா, இன்னா பண்றது?"
மீதிப் படத்தில் முதுகு காட்டி நடப்பது நான்தான்,
பின்னலைச் சட்டைக்குள் செருகி,
தலையில் துண்டு கட்டி.
அவன் சட்டை என் தோளில் தொங்கியது.
துக்கத்தில் இளைத்துவிட்டான் என்று
பார்த்தவர்கள் எடுத்துக்கொண்டார்கள்.

பார்த்தவர்கள் முப்பத்தொரு பேர்.
தண்டையார்பேட்டையில் ஒரு மண்டபத்தின் சாப்பாட்டுக்கூடம்.
மத்தியானப் பந்தியின் ரச வாசம் போகவில்லை.
சூடேறிய ப்ரொஜெக்டருக்குக் காலண்டர் அட்டையால்
விசிறிக்கொண்டிருந்த ஆளுக்கு
நான் பெயர் வைக்க மறந்திருந்தேன்.

விளக்கு போட்டதும் ஒருவர் வந்தார்.
பெரிய கம்பெனி. கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே,
"அவன் கடலைப் பார்த்து மூச்சு விடுறானே, அந்த எடம்...
யாரும்மா அந்த மொய்தீன்?
அடுத்த படத்துக்கு வேணும்.
சம்பளம் பேசிக்கலாம்."

இயக்குநருக்கு அடிவயிறு எரிந்தது.
தயாரிப்பாளர் வெறும் மணிக்கட்டைத் தடவிக்கொண்டார்.
சுகந்தி சிரிப்பை அடக்கினாள்.
மொய்தீன் மட்டும்
பதினோரு மாதத்தில் முதல் தடவையாக
நிமிர்ந்து நின்றான்.

என் நம்பரைச் சொன்னேன்,
ஒவ்வொரு எண்ணாக, நிதானமாக.

"ஃபோனை அவங்க அக்காதான் எடுப்பாங்க, சார்."