இருபது ஃப்ரேம்

படத்துக்கும் குரலுக்கும் நடுவே
ஃபிலிமில் இருபது ஃப்ரேம் இடைவெளி உண்டு.
குரல் முன்னால் போகும், முகம் பின்னால் வரும்.
ஆபரேட்டர் தவிர யாருக்கும் தேவையில்லாத சங்கதி.

எழுபத்தொன்பது, தை மாசம்.
கொரடாச்சேரி டூரிங் டாக்கீஸ்.
முதல் ஆட்டம் விடுவதற்குள் குடவாசல் பஸ் போய்விடுகிறதென்று
பத்து நிமிஷம் குறைக்கச் சொன்னார் முதலாளி.
பாட்டில் கைவைக்க முடியாது, சண்டையில் முடியவே முடியாது.
அங்கங்கே நறுக்கிக்கொண்டு வந்தேன்.
ஒன்பதாவது ரீலில் ஒரு கிணற்றடி.
கதாநாயகி அழுது முடிக்கிறாள்,
குடத்தோடு நிற்கிற சிநேகிதி கேட்கிறாள்,
“அப்ப உன் கதி என்னடி?”
அவள் வாய் திறக்கிற இடத்தில்
பிளேடு. சிமெண்ட். ஊதிக் காயவைத்தேன்.

குடத்தோடு நின்றது
வெட்டாற்றுக்கு அந்தப் பக்கம்
ரைஸ்மில் பக்கிரிசாமி மகள் அம்சவேணி என்று
எனக்கு எப்படித் தெரியும்?
டைட்டிலில் வேறு பேர். அதுவும் ஒன்பது பேரில் ஒன்று.

அதற்கு முன் மெட்ராஸ் டி.வி.யில்
நாலு நாடகம் நடித்திருந்தாள்.
அலை இந்தப் பக்கம் எட்டாத காலம்.
ஊரில் ஒரு ஈ காக்கை பார்க்கவில்லை.
அதே டேப்பை அழித்து அடுத்த வாரம்
குருத்துப்பூச்சிக்கு மருந்து சொன்னார்களாம்.
ஆக, ஊருக்கென்று அவளிடம் இருந்தது
அந்தக் கிணற்றடி.

பதினோரு டிக்கெட் எடுத்திருந்தாள்.
பெஞ்சில் அம்மா, சித்தி, மில்லில் புடைக்கிற பெண்கள்.
தூங்கி விழுந்த பிள்ளையைக் கிள்ளிக் கிள்ளி உட்காரவைத்தார்கள்.
வெட்டிய இடம் வந்தது.
திரையில் மாட்டு டாக்டர் மூக்குப்பொடி எடுக்கிறார்,
அவர் வாயிலிருந்து ஒரு பெண்குரல்:
“அப்ப—”

அவ்வளவுதான். ஒரு விநாடிகூட இல்லை.
தரை டிக்கெட் சிரித்தது.
பெஞ்சில் ஒருத்தி மட்டும் எழுந்து நின்றாள்.

கேபின் வாசலில் வந்து கேட்டாள்.
“பிரிண்ட்டே அப்படித்தாம்மா வந்துச்சு.”
கார்பன் வெளிச்சத்துக்குத் திரும்பிக்கொண்டேன்.

பெட்டியை அனுப்பும்போது ஒட்டிக் கொடுத்திருக்க வேண்டும்.
கொடுக்கவில்லை.
நன்னிலம், பேரளம், பூந்தோட்டம்,
போன இடமெல்லாம் மாட்டு டாக்டர்
அவள் குரலில் ‘அப்ப’ என்றிருப்பார்.

அதனால்தான் அவள் ஓய்ந்தாள் என்றால்
என்னைப் பெரிய ஆளாக்கிக்கொள்வதாகும்.
திரும்பவும் போனாள். இன்னொரு படம், பாதியில் நின்றது.
அப்பாவுக்கு மில் பெல்ட்டில் கை போயிற்று.
வந்துவிட்டாள்.

இப்போது கொள்முதல் நிலையத்தில் பட்டியல் எழுத்தர்.
குத்தகை நெல்லோடு நான் வரிசையில்.
இந்தக் குறுவைக்கு பிஸ்கட் டப்பாவும் கொண்டுபோனேன்.
எல்லாவற்றையும் சொன்னேன், முதலாளியை விட்டுவிட்டு.

சுருளைப் பிரித்து வெயிலில் பிடித்தாள்.
முகம், குடம், கிணறு எல்லாம் சிவப்பேறிக் கிடந்தன.
வரிசையில் யாரோ செருமினார்கள்.
“இந்தப் புடவை கம்பெனியோடது.
கிழிச்சுட்டேன்னு பன்னெண்டு ரூபா புடிச்சாங்க” என்றாள்.

ஒரு துண்டை மட்டும் கிழித்து லெட்ஜருக்குள் வைத்தாள்.
டப்பாவை என்னிடமே தள்ளினாள்.
என் நெல்லை அள்ளி மெஷினில் போட்டாள்.
“பத்தொம்பது காட்டுது. காயவைங்க.”

களத்தில் கிளறிவிட்டு உட்கார்ந்திருக்கிறேன்.
நாலு மணி வெயில். மேற்கே மேகம் வேறு.