பட்டியலில் இல்லாத வீடு

உன்னிச்சை றோட்டில் என் பட்டியல்
முப்பத்தெட்டு வீட்டோடு முடிகிறது.
கடைசி மீற்றருக்குள் குளவி கூடு கட்டியிருக்கும்.
ஊதி, இலக்கம் பார்த்து, துண்டைக் கிழித்துக் கொடுத்த பிறகும்
சைக்கிளைத் திருப்பாமல் இன்னும் கொஞ்சம் மிதிப்பேன்
தண்ணிக்கு.

யோகமலரின் வீடு உருண்டை.
மூலை இருந்தால் யானை வந்து முதுகு தேய்க்குமாம்.
யூரியாப் பைக்குள் புற்றுமண்,
பைக்கு மேல் பை, இடையில் முள்ளுக்கம்பி,
மேலே சாணமும் சுண்ணாம்பும்.
"ஆருகா படிப்பிச்ச?" என்று ஒருநாள் கேட்டேன்.

"பன்னிரண்டு வயசில சென்றிக்கு மண்மூட்டை நிரப்பவிட்டவங்க.
எவங்க எண்டு கேக்காத.
ரெண்டு பக்கத்துக்கும்தான் நிரப்பின.
வெடிக்கு நிண்ட சுவர்
வெயிலுக்கு நிக்காதா?"

நின்றது என்று சொல்லமுடியாது.
முதல் சுவர் கார்த்திகை மழையில்
ராவோடு ராவாக உட்கார்ந்துவிட்டது.
அதை அவள் அள்ளவில்லை.
இப்போது அதன்மேல் பூசணி படர்ந்து கிடக்கிறது,
காய்க்குக் கீழே பையின் கிழிசலில்
உர எழுத்து இன்னும் தெரிகிறது.
மறுகா அத்திவாரத்துக்குக் கல் போட்டாள்,
கூரையை இரண்டு முழம் வெளியே இழுத்தாள்.

குவைத்துச் சம்பளத்தில் மிஞ்சியது இரண்டு சோலார் தகடு.
லொறி பற்றரி ஒன்று. மூன்று பல்ப்.
குளித்த தண்ணி வாழைக்கு.
மார்கழியில் ஐந்து நாள் சூரியன் வரவில்லை,
குப்பிவிளக்கோடு இருந்தாள்.
முப்பத்தெட்டாம் வீட்டில்தான்
போனுக்குச் சார்ஜ் போட்டாள்.
"எழுதிக்கொள், அரை யூனிற் என்ர கணக்கு" என்றாள்,
நான் சிரிப்பேன் என்று பார்த்து.

போன மாதம் புதுக் கம்பங்கள் வந்தன.
படிவத்தை நானே கொண்டுபோனேன்.
திருப்பிப் பார்த்தாள், பின்பக்கம் வெறுமை;
அதில் தாங்கி மூடிக்கு ஒரு படம் கீறத் தொடங்கினாள்.

"கம்பம் வேணாமா?"
"வேணும். றோட்டில நடச் சொல்லு.
ரியூசன் முடிஞ்சு பெடியள் வாற வளைவில.
யானை நிக்கிறது தெரியோணும்.
வீட்டுக்கு வேணாம்."

எழுதிக் கொடுத்தேன்.
அப்படி ஒரு கட்டம் இல்லை என்று
கந்தோரில் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.
இன்னொரு படிவம் எடுத்திருக்கிறேன்.
வளைவு இன்னும் இருட்டுத்தான்.

இன்றைக்கும் போனேன்.
ஆவணி வெயில், குளம் அடிமண் காட்டுகிறது,
முப்பத்தெட்டாம் வீட்டுக் கிணறு கலங்கல்.
அவளுடைய குழாயைத் திறந்து
ஐப்பசியில் பெய்த மழையை
இரண்டு கையாலும் ஏந்திக் குடித்தேன்.

கொஞ்சம் சிமெந்து மணந்தது.
சொன்னேன்.
"தெரியும்" என்றாள்,
கையில் அடுத்த தாங்கிக்கு வளைத்த கம்பி.