கால்ச்சோ

வங்கிப் படிவத்தில் தொழில் என்ற கட்டம் காலியாக இருந்தது.
எதில் வேலை என்றான் மிலானோவிலிருந்து வந்த பையன்.
கால்ச்சோவில், என்றேன்.
பேனா நின்றது. முகம் மலர்ந்தது.
"எந்த அணி?"

அணி இல்லை தம்பி, துப்பாக்கியின் பின்கட்டை.
தோளில் பதித்துக்கொள்வார்களே, அது.
அக்ரூட் மரம். நூற்றெண்பது, இருநூற்று நாற்பது, நானூறு என
உப்புத்தாள் மாற்றி மாற்றித் தேய்ப்பேன்,
கன்னம் வைத்தால் வழுக்கும் மட்டும்.
அதற்கும் கால்ச்சோ என்றுதான் பெயர்.
இந்தப் பள்ளத்தாக்கில் பாதிப் பேருக்கு
அந்தக் கால்ச்சோவில்தான் சோறு.
அவன் முகம் சுருங்கியது.
"மரவேலை" என்று எழுதிக்கொண்டான்.

கோவேறு கழுதை பின்னங்காலால் கொடுப்பது கால்ச்சோ.
திறக்காத கதவுக்கு என் கணவர் கொடுத்ததும் அதுவே.
ஞாயிறு மூன்று மணிக்குத் தெருவையே காலிசெய்வதும் அதுவே:
முதலில் ஒரு உதை, பிறகு ஆயிரம் உதை,
பிறகு அந்த ஆட்டத்துக்கே உதை என்று பெயர்.
போன வருடம் எலும்பு மருத்துவர் சீட்டைப் பார்த்துவிட்டு
"உங்கள் உடம்பில் கால்ச்சோ போதாது, சின்யோரா" என்றார்.
முப்பத்தொரு வருடம் அதன் தூசியைத்தான் மூச்சிழுக்கிறேன், டாக்டர்.
அவர் சிரிக்கவில்லை.
சுண்ணச்சத்து மாத்திரை, காலையில் ஒன்று, பாலோடு.

எங்கள் வீட்டில் மட்டும் அந்தச் சொல் கிடையாது.
அப்பா ஜோவித்தா ஆட்டப் பைத்தியம்தான்.
மெல்லா ஆற்றங்கரை மைதானத்தில்
கோல் வலைக்குப் பின்னால் மழையிலும் நிற்பார்.
ஆனால் "இன்னிக்குப் பந்து இருக்கா?" என்பார்.
"பந்து எப்படிப் போச்சு?" என்பார்.
அண்ணன் ஒருநாள் சாப்பாட்டு மேசையில்
வாய்தவறி அந்தப் பெயரைச் சொன்னான்.
தட்டை எடுத்துக்கொண்டு எழுந்து போய்விட்டார்.
மூடாத இடது தாடை.
பொலெந்தாவை வலப்பக்கமாகவே ஒதுக்கி மெல்லுவார்.
பிறவியிலேயே அப்படி என்று நினைத்திருந்தோம்.

அடக்கம் முடிந்த அன்று எர்சீலியா அத்தைதான் சொன்னாள்.
நாற்பத்தைந்து, ஜனவரி. பதினேழு வயது.
பனியில் இரண்டு பால் கேன். ரோந்து நிறுத்தியது.
பெயரைக் கேட்டார்கள், சொன்னார்.
இன்னும் யார் பெயரையோ கேட்டார்கள், சொல்லவில்லை.
ஒருவன் துப்பாக்கியைத் திருப்பிப் பிடித்தான்.

அதுகூட இல்லையாம்.
பிறகு போர்க் காய உதவிப்பணத்துக்கு ப்ரெஷியா போயிருக்கிறார்.
காயத்தின் காரணம்? கால்ச்சோ அடி.
எழுத்தர் தலை நிமிர்த்தாமல் கேட்டானாம்:
"முன்கள ஆட்டக்காரனா, தடுப்பாளனா?"
வரிசையில் நாற்பது பேர்.
அதில் ஒருவர்கூடச் சிரிக்காமல் இல்லை.
அப்பா தொப்பியை எடுத்துக்கொண்டு
மலைப்பாதையில் நடந்தே வந்தாராம். இருபது கிலோமீட்டர்.

எனக்கு ஒன்றும் தெரியாதபோதே
அவரிடம் "மரவேலை" என்றுதான் சொல்லிவைத்திருந்தேன்.
ஏனென்று இப்போதும் தெரியாது.
அவருக்கும் தெரியாமலா இருந்திருக்கும்?
ஆளிவிதை எண்ணெய் வாசம் கழுவினாலும் போகாதே.
என் கையை ஒருமுறை எடுத்து முகர்ந்தார்.
நல்ல மரம், என்றார்.

கடைசி வாரம், ஆஸ்பத்திரி.
ரத்த அறிக்கையை வைத்துக்கொண்டு
புதிய நர்ஸ் உரக்கப் படித்தாள்.
சர்க்கரை, உப்பு, இரும்பு...
எனக்குத் தெரியும் அடுத்து என்ன வருமென்று.
கண்ணைக் காட்டினேன், அவள் பார்க்கவில்லை.
"கால்ச்சோ," என்றாள், "நன்றாக இருக்கிறது, சின்யோர் ஜோவித்தா."

அறையில் குளுக்கோஸ் சொட்டும் சத்தம்.
அப்பா தாடையை வலப்பக்கம் நகர்த்தினார்.
"எத்தனைக்கு எத்தனை?" என்றார்.

நர்ஸ் என்னைப் பார்த்தாள்.
ஒன்றுக்கு ஒன்று அப்பா, என்றேன்.
இன்னும் நேரமிருக்கிறது.