ஏழாம் கேமரா

பாகாவ் பட்டணத்துக்கு வெளியே
செம்பனை ஆலையின் காவல் அறையில்
எனக்கு இரவு ஷிப்ட்.
திரையில் பதினொரு சதுரம், பெரும்பாலும் மரங்கள்.
குலை ஏற்றிய லாரி வந்தால் எடைமேடை ஒளிரும்.
வராவிட்டால் ஒரு மூசாங்
வாலை இழுத்துக்கொண்டு போகும்.

ஏழாவதில் மட்டும் ஒரு மனிதன்.
ஒன்பது நாற்பதுக்கு உரக்கொட்டகையைத் தாண்டி
லயத்துக்குப் போவான்.
லொம்போக்காரன் என்றார் மண்டோர் நாகேந்திரன்.
பெயர் கேட்டேன்,
எண் சொன்னார்.

அவன் எங்கே ஒதுங்குவான், தெரியும்.
எந்தக் கால் நொண்டும், எந்தக் கிழமைக்கு
எந்தச் சட்டை, தெரியும்.
ஒரு சனிக்கிழமை போனைக் காதில் வைத்தபடி
உரமூட்டை மேல் உட்கார்ந்து அழுதான்.
நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.
கேமராவுக்குக் கழுத்து இல்லை.

அதற்குப் பிறகுதான் கையசைக்கத் தொடங்கினான்,
மேலே, நேராகக் கண்ணாடியைப் பார்த்து.
யாரோ இருக்கிறார் என்று தெரிந்தா,
யாரும் இல்லை என்று நினைத்தா,
எனக்கு விளங்கவில்லை.
நானும் கையைத் தூக்குவேன்.
அந்தப் பக்கம் மைக் கிடையாது, விளக்கும் கிடையாது.
தூக்கிய கை இந்த அறையோடு சரி.

பன்னிரண்டாவது என் தலைக்கு மேல்.
அது என் திரையில் வராது.
கோலாலம்பூரில் யாரோ பார்க்கிறார்களாம்.
மைலோவைக்கூட முதுகு காட்டித்தான் குடிக்கிறேன்.
ஆனாலும் ஷிப்டுக்கு வருமுன்
தலைவாரிப் பூ வைத்துக்கொள்கிறேன்.
வீட்டில் யாருக்காக வைப்பது?

பெர்மிட் முடிந்து அவன் போய்விட்டான்.
பகாங் பக்கம் என்றார்கள்,
இல்லை, ஊருக்கே என்றார்கள்.
மறுநாள் ஒன்பது நாற்பது:
கொட்டகை, மழை.

போன வாரம் அறையைப் பூட்டிவிட்டுக்
குடையோடு நடந்துபோய்
ஏழின் கீழ் நின்று கையசைத்தேன்.
திரும்பி வந்து ஓட்டிப் பார்த்தால்
தடித்த ஒரு பொம்பளை
எனக்கே கையாட்டுகிறாள்,
நான் இங்கே இல்லாத நேரத்தில்.

முப்பது நாளில் பதிவு தானாக அழியும்.
அவன் கடைசி இரவுக்கு இன்று இருபத்தொன்பது.
சேமிக்க ஒரு பொத்தான் உண்டு.
அழுத்தினால் காரணம் கேட்கும்:
திருட்டு. விபத்து. அத்துமீறல்.
நான்காவதாக ஒன்றும் இல்லை.

விரலைப் பொத்தான் மேலேயே வைத்திருக்கிறேன்.
எடைமேடையில் லாரி ஹாரன் அடிக்கிறது.