ஒன்று புள்ளி நாற்பத்தைந்து

எட்டரைக்கு அட்டை தேய்ப்பேன்,
ஐந்தரைக்கு இன்னொரு தரம்.
நடுவில் ஒன்பது மணி நேரம்.
சாப்பாட்டுக்கு நாற்பது நிமிடம்,
இரண்டு டீக்குப் பத்துப் பத்து,
கழித்தால் எட்டு.
ஒண்ணுக்குப் போனது எதில் சேரும் என்று
யாரும் எழுதி ஒட்டவில்லை.

நாள் கூலி நானூற்று இருபத்து நான்கு.
எட்டால் வகுத்தால் ஐம்பத்து மூன்று, மீதியில்லை.
மீதியில்லாமல் வகுபடும் தொகையை
என் கைக்கு வந்ததில் அதைத்தான் பார்த்தேன்.

பேரணாம்பட்டில் மழை பிடிக்கும்போது
எங்கோ ஜெர்மனியில் பனி பிடிக்கத் தயாராகுமாம்.
கணுக்கால் மூடும் பூட்ஸ்.
அதில் நாக்குத் தைப்பது நான்.
கன்டெய்னர் கிளம்பும்வரை ஓவர்டைம்,
ஐந்தே முக்காலிலிருந்து ஏழரை.
முன்னால் இருக்கும் அந்தக் கால் மணி
கை கழுவ, பன் தின்ன,
வீட்டுக்குப் போன் போட்டு
அரிசி களையச் சொல்ல.
அதற்குக் கூலி கிடையாது, சரி.
மற்றதற்கு இரட்டை: மணிக்கு நூற்று ஆறு.

ஐப்பசியில் பதினோரு மாலை.

சீட்டு வந்தது.
1.45 என்று போட்டு
பதினொன்றால் பெருக்கி, நூற்றாறால் பெருக்கி,
ஆயிரத்து அறுநூற்றுத் தொண்ணூறு ரூபாய் எழுபது காசு.
நானும் போனில் பெருக்கிப் பார்த்தேன்.
அதே எழுபது காசு.
ஆனாலும் பல்லில் கல் நெருடியது.

மேல்பட்டி கேட் போட்டிருந்தது.
சரக்கு வண்டி, முடிகிற வழியாய் இல்லை.
பெட்டி எண்ணிக்கொண்டிருந்தவள்
நாற்பத்தைந்தில் நின்றுவிட்டேன்.
அறுபதில் நாற்பத்தைந்து முக்கால்.
நூறில் நாற்பத்தைந்து, பாதிகூட இல்லை.
கடிகாரம் அறுபதில் திரும்பும்,
ரூபாய் நூறில் திரும்பும்.
இரண்டுக்கும் நடுவில் ஒரு புள்ளியைக் குத்திவிட்டு
யாரோ தூங்கப் போயிருக்கிறார்கள்.

மாலைக்கு முப்பத்தொன்று எண்பது.
பதினொன்றுக்கு முன்னூற்று நாற்பத்தொன்பது எண்பது.

"முந்நூறு ரூபாய்க்கா போய் நிப்பே?" என்றாள் தில்ஷாத்.
"அடுத்த லாட்டுக்குக் கூப்பிடமாட்டாங்க, பாரு."
முந்நூற்று ஐம்பது என்றேன்.
இருபது காசு எனக்கு நானே சேர்த்துக்கொண்டேன்.

டைம் ஆபீசில் இம்தியாஸ்.
"மெஷின் போடறது பவுனக்கா, நான் இல்ல."
ஒன்றே முக்காலை எப்படி எழுதுவீங்க தம்பி?
எழுதினான். அழித்தான்.
சட்டைப் பையிலிருந்து மடித்த தாள் ஒன்றை எடுத்தான்.
அவன் சீட்டு.
அவனுக்கும் பதினோரு மாலை,
அவனுக்கும் அதே புள்ளி.

ஃபேன் சத்தம்.
நாலாம் லைனில் மட்டும் முப்பத்தெட்டுப் பேர் என்று
பெருக்கத் தொடங்கி,
பதின்மூன்றாயிரம் வந்ததும்
பேனா மூடியைக் கடித்துக்கொண்டான்.
கால்குலேட்டரைக் கவிழ்த்து வைத்தான்,
அதுதான் கேட்டுக்கொண்டிருக்கிறது என்பது போல.

மணி அடித்துவிட்டது.
நாற்பது நிமிடத்தில் முப்பத்தொன்று போயிருந்தது.
தில்ஷாத் தன் டப்பாவிலிருந்து
ஒரு முட்டையை எடுத்து என் சோற்றில் வைத்தாள்.
ஒன்றும் சொல்லவில்லை.

கார்த்திகைச் சீட்டில் 1.75.
யாரும் அறிவிக்கவில்லை, போர்டில் எதுவும் இல்லை.
ஏழு மாலைதான், ஆனால் ஏழும் முழுசு.

சரி, அதற்கு முந்தினவை?

ஞாயிறு. வெளியே பக்கத்து வீட்டுக்காரர்
துணிக்கயிறு கட்டுகிறார்.
அரிசி டின்னுக்கு அடியில் வைத்திருந்த
மூன்று வருடச் சீட்டுகளைத் தரையில் பரப்பியிருக்கிறேன்.
சிலதில் மை போய்விட்டது, வெளிச்சத்தில் சாய்த்தால் தெரிகிறது.
1.15. 2.30. 0.50.
காலை ஒன்பதுக்கு உட்கார்ந்தது,
ஒரு டீ, அதுவும் எழாமலே.
இதற்கு மணிக்கு எவ்வளவு என்று
எந்தத் தாளிலும் இல்லை.
நாலு ஐம்பது ஆகிறது.
நாலு புள்ளி எண்பத்து மூன்று.
இன்னும் இருபத்தொன்பது சீட்டு.