ம. பிலிப்பு, மூன்று பேர்

குருநகர் கடற்றொழிலாளர் சங்கத்தின்
சேமிப்புப் பேரேட்டில்
ம. பிலிப்பு என்று மூன்று பேர்.
மடுத்தீன் மகன், மனுவேல் மகன், மரியான் மகன்.
தகப்பன் பெயரின் முதலெழுத்துக்கூட
இந்தக் கரையில் ஒரே வலையில்தான் விழுகிறது.

சிவப்புப் பேனையால் எண் போட்டேன்
1, 2, 3.
"ராசாக்களுக்குப் போடுற மாதிரி" என்றேன்.
"எந்த ராசா வள்ளக் கடன் எடுத்தவன்?"
ஈரக் காசை மேசையில் எண்ணியபடி
மடுத்தீன் பிலிப்பு கேட்டார்.

எடுத்தவங்கள்தான், அண்ணை.
ஸ்பெயினில் ஒரு பிலிப்பு
நாலு தரம் வங்குரோத்து.
அங்கே அவன் இரண்டாமவன்,
போர்த்துக்கலில் முதலாமவன்.
அவன் மகன் அங்கே மூன்று, இங்கே இரண்டு.
ஒரே தலை, இரண்டு முடி, இரண்டு எண்.
பண்ணைக் கடலை ஒருநாளும் பாராத
அந்த மகனின் பெயரில்தான்
நல்லூரைப் பிடித்தார்கள்.
பிடித்த தளபதியும் பிலிப்பு.
அவனுக்கு எண் இல்லை.
சம்பளம் இருந்திருக்கும்.

சாதாரண தரத்தில் சரித்திரம்
எனக்குக் கை கொடுத்தது இவர்களால்தான்.
நல்லூர் அரசர்களில்தான் சறுக்கினேன்.
செகராசசேகரன், பரராசசேகரன்,
மறுபடி செகராசசேகரன்.
இரண்டு பெயரை மாறி மாறிக் கட்டிக்கொண்டவர்கள்
வேட்டிக் கரையில் ஓர் இலக்கமாவது
தைத்திருக்கலாம்.
எவன் எந்தக் குளத்தை வெட்டினான் என்று
படித்தவர்கள் இன்னும் பிடுங்குப்படுகிறார்கள்.

இன்னொன்றும் அப்போதே யோசித்தேன்.
முதலாமவன் தன் காலத்தில்
வெறும் பிலிப்பு.
இன்னொருவன் வந்து அதே பெயரில் அமர,
மண்ணுக்குள் கிடப்பவனுக்கு
ஒன்று என்று பட்டம் கிடைக்கிறது.

வாடை தொடங்கிய கிழமை
மனுவேல் மகன், எங்கள் இரண்டு,
வலை இழுக்கப் போய்த் திரும்பவில்லை.
வள்ளம் வந்தது.
மண்ணெண்ணெய்க் கலன் வந்தது.
தேடியவர்கள் வந்தார்கள்.

சித்திரையில் கடற்படை
பாஸ் பட்டியலைப் புதுப்பித்தது.
இல்லாதவனை வெட்டி,
இருப்பவர்களை மேலே தள்ளி,
யாரோ ஒருவன் நல்ல ஒழுங்காகத்
தட்டச்சு செய்திருந்தான்.
மரியான் மகன்
அங்கே இரண்டு, எங்கள் பேரேட்டில் மூன்று.
"இப்ப நான் உங்கட ஸ்பெயின்காரன் மாதிரி"
என்று சிரித்துவிட்டுப் போனார்.
நானும் சிரித்தேன்.
அதை எழுதித்தான் ஆகவேண்டும்.

அன்று பின்னேரம் றெஜினா வந்தாள்.
இறங்குதுறைப் பலகையில் பார்த்தாளாம்.
ம. பிலிப்பு 2. அனுமதி உண்டு.
செருப்பில்லை. மீன் செதில் ஒட்டிய கை.
"அவரைப் பிடிச்சு வைச்சிருக்கினமோ?
உயிரோட இருக்கிறபடியால்தானே
பாஸ் குடுக்கினம்?"

ஐரோப்பாவில் ஆயிரம் அநியாயம்.
ஆனால் செத்த ராசாவின் எண்ணைக் கழற்றி
அடுத்தவனுக்கு மாட்டுவதில்லை.
இடைவெளி விழுந்தால் விழுந்ததுதான்.
இதை நான் அவளுக்குச் சொல்லவில்லை.
எண் மாறிப்போச்சு, அக்கா, என்றேன்.
"எண்தானே மாறினது?" என்றாள்.
"பேர் அவற்றதானே?"

அந்தப் பெயர் அவருடையதுதான்.
மற்ற இருவருடையதும்தான்.
எந்தப் பாடப்புத்தகத்திலும்
இதற்கு விடை இருந்ததாக ஞாபகமில்லை.

மரியான் பிலிப்புக்குப் போன மாதம் பேரன்.
ஞானஸ்நானத்தில் மறுபடி அதே பெயர்.
தகப்பன் மத்தியாஸ், ஆகவே மறுபடியும் ம.
சிறுவர் சேமிப்புக்கு நூறு ரூபாயோடு வந்தார்கள்.
4 என்று எழுதினேன்.
"நாலோ? மூண்டு பேர்தானே இருக்கிறம்"
என்றார் தாத்தா.
ஏட்டைத் திருப்பிக் காட்டினேன்.

இரண்டாம் பிலிப்பு:
இருப்பு எண்ணூற்று நாற்பது ரூபா,
ஆண்டுதோறும் வட்டி ஏறுகிறது,
கணக்கு மூடப்படவில்லை.
கையொப்பத்துக்கான கட்டத்தில்
என் சிவப்புப் பேனை
ஒருமுறை கசிந்திருக்கிறது.