பக்கத்துக்கு

"கோழி நான் கொண்டு வாறன்,
பக்கத்துக்கு ஏதாவது நீ செய்" என்றாள் மெரில்டா,
வெள்ளிக்கிழமை,
காசு எண்ணும் இயந்திரத்தின் இரைச்சலுக்கு மேலால்.
பக்கத்துக்கு.
அந்தச் சொல்லைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு
இரண்டு நாள் திரிந்தேன்.

ஞாயிறு, நான்கு மணி. கீழே நானா கடை.
"பட்டரா, மாஜரீனா?"
"பட்டர்."
நானா என்னை ஒருமுறை நிமிர்ந்து பார்த்தார்.
மூன்று வருடமாக அவரிடம் நான் வாங்கியது
முட்டை, பாண், தீப்பெட்டி, ரீலோட் அட்டை.
"விருந்தாளியோ?"
மிச்சக் காசுக்கு இரண்டு டொபி தந்தார்.

பட்டர் என்பது வெள்ளவத்தையில்
மூன்றாம் மாடி ஏறி முடிப்பதற்குள்
மனதை மாற்றிக்கொள்ளும் பொருள்.
கட்டியாகத்தான் வாங்கினேன்.
கதவைத் திறக்கும்போது
விரல் பட்ட இடமெல்லாம் குழி.

பெரிய சட்டியில் தண்ணீர்.
உப்பு கொஞ்சம்தான். பட்டரிலும் உப்புண்டு;
அது போதாதென்று
ஜன்னல் கம்பிக்கும் கதவுப் பிணைச்சலுக்கும் என் மூக்குக்கண்ணாடிக்கும்
கடல் ஏற்கெனவே போட்டு முடித்துவிட்டது.
காலிக்குப் போகிற ரயில்
சட்டி மூடியை நடுங்கவைத்துவிட்டுப் போனது.
கொதிக்கிறதாக்கும் என்று ஓடி வந்தேன்.
இல்லை.

முட்டை நூடில்ஸ், இரண்டு பக்கற்.
போட்டபோது விறைப்பாக,
லிஃப்டுக்குள் அயல்வீட்டார் மாதிரி
ஒன்றில் ஒன்று படாமல் நின்றன.
நான்கு நிமிடத்தில்
யார் கை யார் கால் என்று தெரியவில்லை.

வடிதட்டு இல்லை. மூடியைச் சரித்துப் பிடித்தேன்.
ஆவி என் கண்ணாடியை மூடிய சமயம் பார்த்து
ஐந்தாறு இழைகள் சிங்குக்குள் குதித்தன.
அந்தக் கலங்கல் தண்ணீரில் ஒரு கோப்பை எடுத்து வைத்தேன்.
யாரும் சொல்லித் தந்ததல்ல;
போன மாதம் மறந்துபோய்
கயிறு தின்று கற்றது.

அடுப்பை அணைத்தேன். பட்டர்.
நடுவில் ஒரு மஞ்சள் தீவு, கரையெல்லாம் கரைந்துகொண்டு.
கலங்கல் ஒரு வாய். கிளறல். இன்னொரு வாய்.
எண்ணெயுமில்லை நீருமில்லை, இடைப்பட்ட ஏதோ ஒன்று
ஒவ்வோர் இழைக்கும் அளவெடுத்துச் சட்டை தைத்தது.
மிளகு, கையால் இடித்தது.
கருவேப்பிலைப் பக்கம் கை தானாகப் போனது;
வேண்டாம் என்று தானாகவே திரும்பியது.

ஐந்தரை. மழை.
ஆறு. காலி வீதி முழுக்க ஹோர்ன்.
நூடில்ஸ் ஆறி ஒட்டிக்கொண்டது,
ஒரு கரண்டி சுடுதண்ணீர் விட்டு மன்னிப்புக் கேட்டேன்.
ஆறரைக்கு இன்னொரு கரண்டி.

ஆறே முக்காலுக்கு மணி அடித்தது.
குடையில்லை. கையில் ஒன்றுமில்லை.
தலையிலிருந்து வடிகிறது.
"நூறாம் நம்பர் பஸ்," என்றாள்.
"மடியிலதான் வச்சிருந்தனான்.
ஒரு பிள்ளைத்தாய்ச்சிக்கு இடம் விட எழும்பி
கொம்பியில மாட்டினன்.
இறங்கிற்றன்."
"கோழி?"
"பாணந்துறைக்கு."

இரண்டு இரவு தயிரில் ஊறிய கோழி.
அவளுக்குச் சிரிப்பு வரவில்லை; நானும் அடக்கிக்கொண்டேன்.
துவாய் கொடுத்தேன். டொபி கொடுத்தேன்.
பிறகு வேறு வழியில்லாமல்
சட்டியின் மூடியைத் திறந்தேன்.

நின்றபடியே, சட்டியிலிருந்தே,
ஒரு முள்ளுக்கரண்டி, ஒரு கறிக்கரண்டி.
பாதி முடியும்வரை அவள் பேசவில்லை.
"மொறட்டுவை தாண்டியிருக்கும்," என்றாள்.
"தொங்கிக்கொண்டுதானே போகுது, காற்று வரும்."
அப்போதுதான் சிரித்தாள். மிளகு மூக்கில் ஏறி
இருமி, கண்ணைத் துடைத்து, மறுபடி சிரித்தாள்.

எதற்குப் பக்கம் என்று கேட்க ஆளில்லாமல்
நூடில்ஸ் குறைந்துகொண்டு வந்தது.
சட்டியடியில் மஞ்சளாய் மிஞ்சியதை
மேசையில் கிடந்த பாணில் ஒரு துண்டு பிய்த்து
சுற்றிச் சுற்றித் துடைத்தாள்.
அது நேற்றைய பாண் என்று சொல்ல வாயெடுத்தேன்.
அவள் மற்றத் துண்டை
என் பக்கத்துக்கு நீட்டினாள்.